இருபத்திரண்டாம் நம்பர் பழுப்பு

வெர்லீன் கேட்வுட் பதினோரு வருஷம் ஹாலிவுட்டில் ஒரு கார்ட்டூன் ஸ்டுடியோவில் வேலை பார்த்தாள். அத்தனை வருஷத்தில் ஒரு கோடு கூட அவள் வரைந்ததில்லை. வரைகிறவர்கள் மேல்மாடியில் இருந்தார்கள். எல்லோரும் ஆண்கள், மத்தியானச் சாப்பாட்டுக்கு இரண்டு மணி நேரம் எடுத்துக்கொள்கிறவர்கள். கீழே, தூசி வரக்கூடாதென்று ஜன்னல்களை இறுக மூடிவைத்த நீள அறையில், முப்பது பெண்கள் குனிந்து உட்கார்ந்து அவர்கள் வரைந்ததற்கெல்லாம் நிறம் பூசினார்கள். படம் முடிந்து டிவியில் பெயர்கள் ஓடும்போது நாய்க்குக் குரைப்பு கொடுத்தவன் பெயர் கூட வரும். இந்த முப்பது பேரில் ஒருத்தி பெயரும் வராது. அதற்காக வெர்லீன் வருத்தப்பட்டதாகத் தெரியவில்லை. கதை சொல்கிற நமக்குத்தான் வயிறு எரிகிறது.

வேலை இதுதான். கோடு பதிந்த கண்ணாடித் தாளைக் கவிழ்த்துப் போட்டு, பின்பக்கத்தில், கோட்டைத் தாண்டாமல், சொன்ன நம்பர் ஜாடியிலிருந்து நிறம் நிரப்ப வேண்டும். கைரேகை பட்டுவிடக் கூடாது என்று வெள்ளைத் துணிக் கையுறை உண்டு. பிரஷ் பிடிக்கிற மூன்று விரலுக்கு மட்டும் நுனியைக் கத்தரித்திருப்பார்கள். மற்றவர்கள் ஒரு நாளைக்கு முப்பது தாளில் மூச்சு வாங்கினால், வெர்லீன் நாற்பதை முடித்துவிட்டு, பக்கத்து மேஜைக்காரியின் நாலு தாளையும் வாங்கிப் பூசிக் கொடுத்துவிட்டுப் பஸ்ஸுக்கு ஓடுவாள். கறுப்பர்கள் வாழும் வாட்ஸ் பகுதியிலிருக்கும் அவள் வீட்டுக்கு இரண்டு பஸ் மாற வேண்டும்.

1971 வசந்தத்தில் அந்த ஸ்டுடியோவுக்கு டெலேன் பிரதர்ஸ் வந்து சேர்ந்தார்கள். ஓக்லண்டில் பிறந்த நாலு அண்ணன் தம்பிகள். அந்த வருஷம் வாட்ஸில் எந்த வீட்டு ரேடியோவைத் திருப்பினாலும் அவர்கள்தான் பாடிக்கொண்டிருந்தார்கள். அவர்களை வைத்துச் சனிக்கிழமை காலையில் குழந்தைகளுக்கு ஒரு கார்ட்டூன் தொடர் என்று முடிவாயிற்று. நாலு பேரும் பேசும் வாத்து ஒன்றைக் கூட்டிக்கொண்டு ஒரு வேனில் ஊர் ஊராகப் போவார்கள், திருடனைப் பிடிப்பார்கள், நடுவில் ஒரு பாட்டு. பாட்டு அவர்கள் ரெக்கார்டிலிருந்து வரும். பேச்சுக்கு வேறு ஆட்கள், நாள் கூலிக்கு. ஆக, அண்ணன் தம்பிகள் பெரிதாக மெனக்கெட வேண்டியிருக்கவில்லை. போட்டோ எடுக்க ஒரே ஒரு நாள் ஸ்டுடியோவுக்கு வந்தார்கள், அவ்வளவுதான்.

அன்றைக்கு அவர்களைக் கீழ் அறைக்கும் கூட்டிவந்து காட்டினார்கள். மூன்றாமவன் லூஷியஸ் வெர்லீனின் மேஜை முன்னால் நின்றான். இருபது வயதிருக்கும். நாலு பேரில் அவன்தான் நல்ல கறுப்பு. மேஜை மேல் நாலு பேரும் ஆடுகிற மாதிரித் தாள் ஒன்று கிடந்தது. அதைக் குனிந்து பார்த்தான்.

"இதுல நான் யாருங்க?" என்றான்.

"மஞ்சள் சட்டை."

இன்னும் கொஞ்ச நேரம் பார்த்தான். "சட்டை நல்லாயிருக்கு," என்று சிரித்துவிட்டு, தொப்பியைத் தொட்டு மரியாதை சொல்லி நகர்ந்தான். நல்ல பையன் என்று வெர்லீன் நினைத்துக்கொண்டாள். அவன் சொன்னதில் வேறெதுவும் அன்றைக்கு அவளுக்குப் படவில்லை.

அன்று எடுத்த கறுப்பு வெள்ளைப் போட்டோவில் ஒன்றைக் கேட்டு வாங்கி, மகளுக்குக் கொண்டுபோனாள். மகள் ஓலிட்டாவுக்கு ஏழு வயது. வெர்லீன் மாநிறம், பெண் அப்பாவை உரித்து வைத்திருந்தாள். அப்பா ரூஃபஸ் நகரப் பஸ் ஓட்டுகிறவன், தன் நிறத்தைப் பற்றி ஒரு நாளும் யோசிக்காதவன். மகள் யோசித்தாள். யோசிக்க வைக்கப் பள்ளிக்கூடத்தில் ஆட்கள் இருந்தார்கள். விளக்கை அணைத்தால் ஓலிட்டாவைத் தேட வேண்டும் என்று ஒரு பெண் சொன்னாளாம், எல்லோரும் சிரித்தார்களாம். சிரித்தவர்களும் கறுப்புப் பிள்ளைகள்தான், ஒரு மாற்று வெளுப்பு கூட, அவ்வளவே. இந்தச் சொல்லோடு அவள் வீட்டுக்கு வந்த வாரத்தில்தான் அந்தப் போட்டோவும் வந்தது. ஓலிட்டா அதைக் கட்டிலுக்கு மேலே டேப் போட்டு ஒட்டினாள்.

"அம்மா, லூஷியஸ் என்னை மாதிரிதானே?"

"உன்னை மாதிரியேதான்."

"ஆனா எல்லாரும் அவனைத்தானே பாக்குறாங்க."

அதோடு பள்ளிக்கூடத்துப் பேச்சை அவள் வீட்டுக்குக் கொண்டுவருவது நின்றது. வெர்லீனுக்கு அந்தப் பையன் மேல் பெரிய நன்றி. அவனை உட்கார வைத்து ஒரு நாள் கோழி வறுத்துப் போட வேண்டும் என்று ரூஃபஸிடம் சொல்வாள்.

செப்டம்பரில் தொடரின் முதல் சனிக்கிழமை வந்தது. ரூஃபஸ் விடியுமுன்பே பஸ்ஸை எடுக்கப் போய்விட்டான். ஓலிட்டா ஏழு மணிக்கே தலை வாரி, ஞாயிற்றுக்கிழமை சர்ச்சுக்குப் போடும் காலுறையைப் போட்டுக்கொண்டு, மடியில் கார்ன்ஃப்ளேக்ஸ் கிண்ணத்தோடு டிவி முன்னால் உட்கார்ந்துவிட்டாள். பழைய கறுப்பு வெள்ளை டிவி. ஆன்டெனாவில் அலுமினியத் தாள் சுற்றியிருக்கும். வேன் வந்தது, வாத்து வந்தது, நாலு பேரும் வந்தார்கள். ஓலிட்டா எழுந்து திரைக்குக் கிட்டே போனாள்.

"இதுல லூஷியஸ் யாரு?"

"மஞ்சள் சட்டைடா கண்ணு."

"டிவியில மஞ்சளே இல்லையேம்மா."

வெர்லீன் பார்த்தாள். நாலு சட்டையும் சாம்பல். நாலு முகமும் அதே வெளிறின சாம்பல். ஒரே அச்சில் வார்த்த நாலு பொம்மைகள். ஆறு மாதமாக அவள் கையாலேயே பூசிய முகங்கள்தான். இத்தனை நாள் கண்ணுக்கு ஆறு அங்குலத்தில் வைத்துப் பூசினாளே தவிர, வீட்டு நடுவில் நின்று பார்த்தது இதுதான் முதல் தடவை.

குழந்தை அழவில்லை. பாட்டு முடிகிற வரை நின்று பார்த்தாள். பிறகு அறைக்குள் போய், கட்டில் மேல் ஏறி, போட்டோவை டேப்போடு உரித்து எடுத்து வந்தாள்.

"இந்தப் போட்டோவத் தப்பா கழுவிட்டாங்க போலம்மா," என்றாள். "லூஷியஸ் இவ்ளோ கறுப்பு இல்ல."

"யாரு சொன்னா?"

"நீதானே டிவியில இருக்குறத பூசினே. உனக்குத் தெரியாதா?"

ஓலிட்டா இழுப்பறையைத் திறந்து, போட்டோவைக் கவிழ்த்து வைத்து மூடினாள். வெளியாள் யாராவது சொல்லியிருந்தால் வெர்லீன் மறுத்துப் பேசியிருக்கலாம். அம்மா கைதான் சாட்சி என்று பெண் நம்பும்போது எதைச் சொல்லி மறுப்பது? சட்டை நல்லாயிருக்கு என்று அந்தப் பையன் சொன்னது அப்போதுதான் அவளுக்கு விளங்கிற்று. அவமானமாக இருந்தது.

திங்கட்கிழமை காலை, கையுறையைக் கூடப் போடாமல் நேரே மேற்பார்வைக்காரி எட்னா ஸ்ட்ரூபெலிடம் போனாள். எட்னா அறுபது வயது வெள்ளைக்காரி. வாயில் எந்நேரமும் புதினா மிட்டாய். பூசி முடித்த ஒவ்வொரு தாளும் அவள் கண்ணைத் தாண்டித்தான் கேமராவுக்குப் போக முடியும்.

"மூணாவது பையன் நிறம் அது இல்லைங்க, மிசஸ் ஸ்ட்ரூபெல்."

"நாலு பேருக்கும் இருபத்திரண்டாம் நம்பர் பழுப்பு. டிவிக்காரங்க பாத்து ஒத்துக்கிட்டது."

"அவன் நல்ல கறுப்பு. போட்டோ இங்கயே மாட்டியிருக்கு."

"கறுப்பா பூசினா மூக்குக் கோடு எப்படித் தெரியும்? கோடும் கறுப்புதானே."

"என் பொண்ணு மூக்கு எனக்குத் தெரியுதுங்களே."

எட்னா மிட்டாயை ஒரு கன்னத்திலிருந்து மறு கன்னத்துக்குத் தள்ளினாள். "வெர்லீன், நாலு முகத்துக்கு நாலு ஜாடி வெச்சா, நாலு மடங்கு குழப்பம். ஒரு ஜாடி, ஒரு முகம், வெள்ளிக்கிழமைக்குள்ள முடியணும். இது ஒண்ணும் மியூசியம் இல்ல. போய் உக்காரு."

வெர்லீன் போய் உட்கார்ந்தாள். அடுத்த மூன்று வாரமும் இருபத்திரண்டாம் நம்பரைத்தான் பூசினாள். ஒவ்வொரு தாளுக்கும் கை கூசியது. சனிக்கிழமைகளில் ஓலிட்டா டிவி போடவில்லை. ஏன் என்று வெர்லீன் கேட்டதற்கு, "வாத்து நல்லாத்தான் இருக்கு," என்றாள். பள்ளிக்கூடத்துக்கு முழுக்கைச் சட்டை கேட்க ஆரம்பித்தாள். வெயில் கொளுத்தும் லாஸ் ஏஞ்சலஸ் அக்டோபரில் யாராவது முழுக்கைச் சட்டை கேட்பார்களா? வெர்லீன் எடுத்துக் கொடுத்துவிட்டு, சமையலறையில் போய் நின்றாள்.

அப்போது புது ஆட்டம் ஒன்று வந்தது. இங்கே ஸ்டுடியோவின் சிக்கனத்தைச் சொல்ல வேண்டும். பாட்டுக்கு ஆடுகிற காட்சியை ஒரே ஒரு தடவைதான் வரைந்து பூசுவார்கள். அதே தாள்களை மறுபடி மறுபடி கேமராவுக்குக் கீழே வைத்து, வாராவாரம், பாட்டை மட்டும் மாற்றி ஓட்டிவிடுவார்கள். முதல் ஆட்டத்தைப் பார்த்துப் பார்த்துக் குழந்தைகளுக்கே அலுத்துவிட்டது என்று புதிதாக ஒன்று வரைந்தார்கள். ஆறாவது வாரத்திலிருந்து தொடர் முடிகிற வரை அதுதான் ஓடும். லூஷியஸுக்கு அதில் நாற்பத்தெட்டுத் தாள். கை சுத்தம் என்று எட்னா அந்தத் தாள்கட்டை வெர்லீன் மேஜையிலேயே வைத்தாள்.

மத்தியானச் சாப்பாட்டு மணி அடித்ததும் வெர்லீன் பெயின்ட் அறைக்குப் போனாள். அங்கே ஹிரோமு நகாட்டா என்று ஒரு மனிதர், ஜாடிகளுக்கு நடுவில் உட்கார்ந்து சோறும் ஊறுகாய் முள்ளங்கியும் தின்றுகொண்டிருந்தார். ஸ்டுடியோவின் அத்தனை நிறமும் அவர் கலக்கியதுதான்.

"எனக்கு ஒரு பழுப்பு வேணும், மிஸ்டர் நகாட்டா. மேலேயிருந்து சீட்டு எதுவும் இல்ல."

"சீட்டு இல்லாம தண்ணி கூடக் கொடுக்க மாட்டேன்." ஒரு துண்டு முள்ளங்கியைக் கடித்தார். "யாருக்கு?"

"மஞ்சள் சட்டைக்கு."

அவர் சாப்பிடும் குச்சிகளைக் கீழே வைத்தார். "ஆறு மாசமா நானும் நினைச்சதுதான். மாதிரி கொண்டுவந்திருக்கியா?"

"கறுப்பு வெள்ளைப் போட்டோதான் இருக்கு."

"அத வெச்சு சுவத்துக்கு வெள்ளையடிக்கலாம். நிறம் எப்படிக் கலக்குறது?"

"நீங்க கலக்குங்க, நான் சொல்றேன். என் பொண்ணு கை மாதிரி இருக்கணும்."

அவர் கலக்கினார். ஈரத்தில் ஒரு நிறம், காய்ந்தால் வேறு நிறம். அதனால் ஒவ்வொரு தடவையும் ஒரு துளியைத் தாளில் தேய்த்து, ஊதி, காயவைத்துப் பார்க்க வேண்டும். வெர்லீன் கண்ணை மூடி, காலையில் பால் கிண்ணத்தைப் பிடித்திருந்த கையை நினைத்துக்கொள்வாள். திறந்து பார்ப்பாள். சிவப்பு கூட இருக்கு. இன்னும் கொஞ்சம் அடர்த்தி. முழங்கைப் பக்கம் இப்படித்தான், மணிக்கட்டுக்கு வரலை. மூன்று நாள் மத்தியானச் சாப்பாடு இதிலேயே போயிற்று. வியாழக்கிழமை ஒரு துளி காய்ந்ததும் அவள் அதைத் தொட்டு, இதுதான் என்றாள். நகாட்டா அந்த ஜாடிக்கு மூடி போட்டார்.

"நம்பர்?" என்றாள் வெர்லீன்.

நாலு பேரும் ஒரே காட்சியில் வந்தால் நாலு தாளை ஒன்றன்மேல் ஒன்று அடுக்க வேண்டும். கீழ் அடுக்கு கொஞ்சம் மங்கித் தெரியும் என்பதால், அடுக்குக்குத் தகுந்தபடி அதே பழுப்பில் நாலு ஜாடி இருந்தது. இருபத்திரண்டின் ஒன்று, இரண்டு, மூன்று, நாலு. கீழே போகப் போக வெளுப்பு. நகாட்டா பேனாவை எடுத்து, 22/5 என்று எழுதி ஒட்டினார். "யாராவது கேட்டா அஞ்சாவது அடுக்குன்னு சொல்லு. அடுக்குல குழம்பாதவங்க இந்தக் கட்டடத்துலயே கிடையாது."

நாற்பத்தெட்டுத் தாளையும் வெர்லீன் இரண்டு நாளுக்குள் முடித்து, காயும் தட்டில் அடுக்கினாள். எட்னா வந்தாள். முதல் தாளைத் தூக்கி வெள்ளைக் காகிதத்தின் மேல் வைத்தாள். இரண்டாவது. மூன்றாவது. மிட்டாய் அசைவது நின்றது.

"எந்த ஜாடி?"

"இருபத்திரண்டின் அஞ்சு."

"கீழ போகப் போக வெளுக்கணும். இது கறுத்திருக்கு. அஞ்சாவது அடுக்குன்னு ஒண்ணே கிடையாது." கண்ணாடிக்கு மேலாக வெர்லீனைப் பார்த்தாள். "கிழவிக்குக் கண்ணு தெரியாதுன்னு நினைச்சியா?"

வெர்லீன் அடுத்த தாளை எடுத்து நீட்டினாள்.

"சுரண்டித் திரும்பப் பூச ரெண்டு நாளாவது ஆகும். கேமரா நாளைக்குக் காலைல." எட்னா கேமராவுக்குப் போகிற சீட்டை எடுத்துக் கையெழுத்துப் போட்டாள். "நான் வேகத்துல கவனிக்கல. மேல தெரிஞ்சா வேலையவிட்டுப் போறது நீதான், நான் இல்ல. அத நல்லா மனசுல வெச்சுக்கோ."

மேலே யாரும் பார்க்கவில்லை. ஆறாவது வாரப் படம் போகும்போது ஏழாவது வாரம் கழுத்தைப் பிடித்துக்கொண்டிருந்தது. அந்தச் சனிக்கிழமை வெர்லீன் தானாகவே டிவியைப் போட்டாள். ஓலிட்டா முழுக்கைச் சட்டையோடு மூலையில் உட்கார்ந்து பொம்மைக்குத் தலை வாரிக்கொண்டிருந்தாள். கதை ஓடிற்று, நாலு வெளிறின முகங்கள். பிறகு பாட்டு வந்தது. மூன்று பேர் சாம்பலாக ஆட, நடுவிலிருந்து ஒருத்தன் கறுப்பாக முன்னால் வந்தான்.

சீப்பு நின்றது. ஓலிட்டா எழுந்து வந்தாள். ஆட்டம் நாற்பது விநாடி. முடிந்ததும் மறுபடி வேன், மறுபடி நாலு வெளிறின முகம்.

"எங்க போனான்?" என்றாள்.

"அதோ இருக்கானே."

"இது அவன் இல்ல. பாடும்போது மட்டுந்தான் அவன் வந்தான். மத்த நேரம் அவன் சட்டைய வேற யாரோ போட்டுக்கிட்டு நிக்கிறாங்க."

வெர்லீன் அவளை இழுத்து மடியில் வைத்துக்கொண்டாள். கொஞ்சம் அழுதாள், மறைக்கவில்லை. குழந்தை அவள் முகத்தைத் துடைத்துவிட்டு, "அடுத்த வாரமும் பாடுவான்ல?" என்று கேட்டாள்.

அடுத்த வாரம் பாடுவானா என்பது திங்கட்கிழமைதான் முடிவாயிற்று. தயாரிப்பாளர் பிராண்ட்விக் படியிறங்கிக் கீழ் அறைக்கே வந்தார். அவர் அங்கே வருவது கிறிஸ்துமஸுக்கு மட்டும்தான். முப்பது பிரஷ்ஷும் நின்றன.

"மஞ்சள் சட்டைக்குப் பாட்டுல ஒரு நிறம், பேச்சுல ஒரு நிறம். யார் வேலை இது?"

எட்னா முந்திக்கொண்டாள். "அடுக்குக் கணக்குல ஒரு சின்னத் தப்பு, சார். ஜாடி மாறிப்போச்சு."

இரக்கப்பட்டோ, தன்னைக் காப்பாற்றிக்கொள்ளவோ, எட்னா ஒரு கதவைத் திறந்து வைத்துவிட்டாள். ஆமாம் என்று தலையாட்டினால் வெர்லீனின் வேலை போகாது. ஆனால் தப்பு என்று ஒத்துக்கொண்டால் தப்பைத் திருத்தச் சொல்வார்கள். நாற்பத்தெட்டுத் தாளையும் சுரண்டிவிட்டு இருபத்திரண்டாம் நம்பர். அதையும் அவளே பூச வேண்டியிருக்கும். அவள் எழுந்து நின்றாள்.

"தப்பு இல்லைங்க. தெரிஞ்சுதான் பூசினேன்."

"ஏன்?"

"அந்தப் பையன் அப்படித்தான் இருப்பான்."

தண்ணீர்க் குழாய்க்கு மேலே நாலு பேர் போட்டோ வசந்தத்திலிருந்து தொங்கிக்கொண்டிருந்தது. பிராண்ட்விக் தினமும் தண்ணீர் குடிக்கிறவர் இல்லை போலும். அன்றைக்குத்தான் அதைப் பார்த்தார். நிறைய நேரம் பார்த்தார். கடைசியில் எட்னா பக்கம் திரும்பினார்.

"ஆட்டத்த மாத்த எத்தனை நாள்?"

"ரெண்டு நாள். மூணும் ஆகலாம்."

"ஆட்டத்த விட்டுட்டு, இனிமே வர்ற மிச்சத்த இதுக்குப் பொருத்தினா?"

"ஜாடிய மாத்தினாப் போதும், சார். கூட நேரமே ஆகாது."

"அப்ப ஜாடிய மாத்து."

நியாயம் பேசி நடந்ததா? இல்லை. நாலு முகத்துக்கு ஒரே ஜாடி கொடுத்த அதே சிக்கனம்தான் இதையும் செய்தது. வாசல் வரை போன பிராண்ட்விக் திரும்பி, வெர்லீனைக் கைகாட்டினார். "அவள வாத்துக்குப் போடு."

வாத்து முழு வெள்ளை. அலகும் காலும் மட்டும் ஆரஞ்சு. தொடர் முடிகிற வரை வெர்லீன் அதைத்தான் பூசினாள். ஒரு நாளைக்கு நாற்பது வெள்ளை வாத்து. லூஷியஸை அவள் பிறகு தொடவே இல்லை. மத்தியானங்களில் நகாட்டா அந்தப் பக்கம் வரும்போது, "22/5 இன்னும் ரெண்டு கேலன் கலக்கச் சொல்லிட்டாங்க," என்று மட்டும் காதில் போட்டுவிட்டுப் போவார். எட்டு வருஷம் கழித்துப் பூச்சு வேலையெல்லாம் கடல் தாண்டிப் போய், அந்த அறையையே மூடினார்கள். கையுறையை மடித்துப் பையில் வைத்துக்கொண்டு அவள் வந்துவிட்டாள். அவளிடம் பெருமைக்கு ஒரு தாள் கூட இல்லை.

ஆனால் புது ஜாடியில் முழுப் படமும் பூசி வந்த முதல் சனிக்கிழமை இருக்கிறது. ரூஃபஸ் யாரிடமோ கெஞ்சி வேலை முறையை மாற்றிக்கொண்டு அன்றைக்கு வீட்டில் இருந்தான். வேன் கதவு திறந்தது. பாட்டு இல்லை, ஆட்டம் இல்லை. சும்மா வேனிலிருந்து இறங்கி, வாத்தோடு சண்டை போட்டுக்கொண்டு, லூஷியஸ் நடந்து வந்தான்.

"நீ பூசினியாம்மா?" என்றாள் ஓலிட்டா, கண்ணை எடுக்காமல்.

"இல்லடா. நான் வாத்து."

"வாத்தும் நல்லாயிருக்கு," என்றான் ரூஃபஸ்.

ஓலிட்டா எழுந்து உள்ளே போனாள். இழுப்பறை திறக்கிற சத்தம் கேட்டது. போட்டோவோடு வந்து, சட்டைக் கையை முழங்கைக்கு மேலே சுருட்டிவிட்டுக்கொண்டு, அதைத் திரைக்குப் பக்கத்தில் நீட்டிப் பிடித்தாள். லூஷியஸ் திரும்பும்போதெல்லாம் போட்டோவை ஒரு தடவை, திரையை ஒரு தடவை பார்த்தாள். விளம்பரம் வருகிற வரை அப்படியே நின்றாள்.

"போட்டோவ சரியாத்தான் கழுவியிருக்காங்கம்மா," என்றாள். "டிவியிலதான் தப்பு இருந்துச்சு."